அடையாள அட்டையும் அத்தாட்சியும்: மலையகத்தை முன்னிறுத்திச் சில குறிப்புகள்

தேசிய அடையாள அட்டைக்கு விண்ணப்பித்தல் வெறும் நிருவாகச் செயலெனவே பொதுவாகக் கருதப்படுகின்றது. ஆயின், எவருக்கு எவர் அத்தாட்சி அளிக்கின்றார் என வினவுமிடத்து அதன் சமூக உள்ளடக்கம் புலப்படும்.

1968ஆம் ஆண்டின் 32ஆம் இலக்க ஆட்பதிவுச் சட்டத்தின்கீழ், 1972இல் அட்டை வழங்கல் தொடங்கிற்று. பிறப்புச் சான்றிதழுடன் கூடிய விண்ணப்பத்தை ஊரில் கிராம உத்தியோகத்தரும், பாடசாலையில் அதிபரும் அத்தாட்சிப்படுத்துவர். தோட்டத்திலோ அப்பணி தோட்ட அத்தியட்சகருடையது. அவர் மூலதனத்தின் பிரதிநிதி. வேலை வாங்கும் கையே, தொழிலாளியை இன்னாரெனச் சான்றுபகரும் கையுமாகின்றது.

இதற்கொரு வரலாற்றுப் பின்னணி உண்டு. 1948ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டம் மலையகத் தமிழருட் பெரும்பாலோரை நாடற்றவராக்கியது. 1964ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் அவர்களை எண்ணிக்கைகளாகப் பங்கிட்டது. எஞ்சியோர்க்கு 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டமே பிரசாவுரிமை வழங்கிற்று. 2016க்கு முற்பட்ட அட்டைகளில், ஒன்பது இலக்கங்களின் ஈற்றில் வாக்குரிமைக்குத் தகுதியுடையோர்க்கு ‘வி’ எனவும், ஏனையோர்க்கு ‘எக்ஸ்’ எனவும் எழுத்திடப்பட்டமை, இவ்வரலாற்றின் சுருக்கக் குறியீடெனலாம்.

அட்டையை அரசின் கண்காணிப்புக் கருவியென மட்டும் கொண்டு ஒதுக்கிவிடுதல் இயக்கவியல் நோக்காகாது. அஃதின்றேல் பரீட்சை மண்டபமும் ஊழியர் சேமலாப நிதியும் வங்கிக் கணக்கும் லயன் வீட்டாருக்கு எட்டாதனவே. அடக்குமுறையின் கருவியே உரிமையின் திறவுகோலாகவும் அமைந்துள்ளது. எனவே, அத்தாட்சி வழங்கும் அதிகாரம் தோட்ட நிருவாகத்திடமிருந்து பொதுச் சேவையிடம் மாறவேண்டும் என்பது, கூலிப் போராட்டத்தினின்றும் பிரிக்கவியலாத சனநாயகக் கோரிக்கையாகும்.