காரணம் எழுதாத டாக்டர்

எழுதிய டாக்டர்கள் – 9

ரஷ்ய எழுத்தாளரும் டாக்டருமான செகாவை சகலின் தீவில், கைதிகளின் கணக்கெடுப்பு அட்டைகளோடு போன வாரம் விட்டுவிட்டு வந்தோம். இந்த வாரம் ஆல்ஃபிரட் டோப்ளின் எழுதிய ‘பெர்லின் அலெக்சாண்டர்பிளாட்ஸ்’ நாவல் என்று சொல்லியிருந்தேன். அதற்குத்தான் உட்கார்ந்தேன். ஆனால் 1929-ல் வந்த அந்த நாவலுக்கு ஐந்து வருடம் முன்னால் அதே மனிதர் எழுதிய சின்னப் புத்தகம் ஒன்று குறுக்கே வந்து படுத்துக்கொண்டது. தாண்டிப் போக மனசு வரவில்லை.

புத்தகத்தின் பெயர் ‘இரண்டு தோழிகளும் அவர்களுடைய விஷக்கொலையும்’. நடந்த கொலை, நடந்த வழக்கு. 1924-ல் பெர்லினின் டி ஷ்மீட பதிப்பகம் சமகாலக் குற்றங்களைப் பற்றி எழுத்தாளர்களை வைத்து ஒரு வரிசை கொண்டுவந்தது. அதில் முதல் புத்தகம் இதுதான். அதே வரிசையில் எகான் எர்வின் கிஷ் ஓர் உளவாளியைப் பற்றி எழுதினார், தியோடர் லெஸ்ஸிங் தொடர்கொலைகாரன் ஹார்மனைப் பற்றி எழுதினார். எல்லாரும் கெட்டிக்காரர்கள். ஆனால் பைத்தியக்கார ஆஸ்பத்திரி வார்டில் டூட்டி பார்த்துவிட்டு வந்து எழுத உட்கார்ந்தவர் டோப்ளின். அந்த வித்தியாசம் பக்கத்துக்குப் பக்கம் தெரிகிறது.

ஆளை அறிமுகப்படுத்திவிடுகிறேன். 1878-ல் ஸ்டெட்டின் நகரத்தில் பிறந்தவர், யூதக் குடும்பம். இவருக்குப் பத்து வயதாகும்போது தையற்கடை வைத்திருந்த அப்பா, கடையில் வேலைபார்த்த பெண்ணோடு அமெரிக்காவுக்குக் கப்பலேறிவிட்டார். அம்மா பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு பெர்லினுக்கு வந்தார். இதை வைத்தே ஒரு ‘உளவியல்’ கட்டுரை எழுதித் தள்ளலாம். டோப்ளினுக்கு அது பிடித்திருக்காது. எனக்கும் பிடிக்கவில்லை.

மருத்துவம் படித்து, 1905-ல் ஃப்ரைபர்க்கில் டாக்டர் பட்டத்துக்காக அவர் எடுத்துக்கொண்ட பொருளைப் பாருங்கள்: கோர்சகாஃப் மனநோயில் நினைவு எப்படிக் கெடுகிறது. வருஷக்கணக்காகக் குடித்தவர்களுக்கு வரும் வியாதி. பழைய நினைவு ஓரளவு இருக்கும், புதிதாக எதுவும் பதியாது. காலையில் என்ன செய்தீர்கள் என்று கேட்டால், வாரக்கணக்கில் கட்டிலைவிட்டு இறங்காத நோயாளி, சந்தைக்குப் போனேன், மழை பிடித்துக்கொண்டது, மச்சானைப் பார்த்தேன் என்று கோர்வையாகச் சொல்வார். ஏமாற்றும் எண்ணமே கிடையாது. நினைவில் இருக்கும் ஓட்டையை மனம் கதை போட்டு அடைக்கிறது, அடைத்ததை அவரே நம்புகிறார்.

வருங்கால நாவலாசிரியர் இந்த நோயாளிகளைத் தேடிப் போனாரே, கதை சொல்லும் கலையை அங்கேதான் கற்றார் என்று பலரும் சொல்லக்கூடும். எனக்கு நேர்மாறாகத்தான் படுகிறது. அந்த வார்டில் அவர் கற்றது கோர்வையான கதையைச் சந்தேகிப்பது. எங்கே விவரங்கள் ஒன்றோடொன்று ரொம்ப அழகாகப் பொருந்துகின்றனவோ அங்கே ஓர் ஓட்டை மூடப்பட்டிருக்கிறது என்று கண்டுபிடிப்பது.

ரெகன்ஸ்பர்கிலும் பெர்லினை ஒட்டிய பூக் மனநல மருத்துவமனையிலும் வேலை பார்த்தார். பிறகு கிழக்கு பெர்லினில், ஃப்ராங்க்ஃபர்ட்டர் அலே தெருவில் நரம்பு டாக்டராகச் சொந்தமாக போர்டு மாட்டினார். வந்தவர்கள் பெரும்பாலும் தொழிலாளிகள், இன்ஷூரன்ஸ் நோயாளிகள். 1913-ல், அவருடைய பெரிய நாவல் ஒன்றுகூட வெளிவராத காலத்தில், ‘ஸ்டுர்ம்’ பத்திரிகையில் நாவலாசிரியர்களுக்கு ஓர் அறிவிப்பு விட்டார். சாரம் இதுதான்: கோபத்தால் செய்தான், பொறாமையால் செய்தாள் என்று எழுதுவதை நிறுத்துங்கள், அது வீட்டுத் திண்ணை உளவியல். மனநல மருத்துவத்தைப் பார்த்துக் கற்றுக்கொள்ளுங்கள். அது நடந்ததை, அசைந்ததைக் குறித்துவைக்கிறது. ஏன், எதற்கு என்று கேட்டால் தோளைக் குலுக்கிவிட்டு நகர்ந்துவிடுகிறது.

கேஸ் ஷீட் எழுதுவதுபோல நாவல் எழுது என்கிறார். இந்தத் தொடரில் கேஸ் ஷீட்டை நான் விடாமல் இழுத்துவருவதாக வாசகர்கள் சிலர் கேலி செய்கிறார்கள். என்ன செய்வது, ஒவ்வொரு டாக்டரும் கடைசியில் அங்கேதான் கொண்டுபோய் விடுகிறார்.

சரி, வழக்கு. இறந்தவரின் மனைவியை எல்லி என்றும் தோழியைக் கிரேட்டே என்றும் டோப்ளின் பெயர் சூட்டுகிறார். நாமும் அப்படியே வைத்துக்கொள்வோம். எல்லி சிகையலங்காரம் தெரிந்த இளம்பெண், பிரவுன்ஷ்வைக்கிலிருந்து பெர்லின் வந்தவள். ஒரு தச்சரைக் கல்யாணம் செய்துகொண்டாள். அவன் அடித்தான். அவள் ஓடிப் பிறந்தகம் போனாள், திருப்பி அனுப்பினார்கள். பக்கத்தில் குடியிருந்த கிரேட்டேவின் நட்பு கிடைத்தது, நட்பு காதலானது. 1922-ல் கணவனின் சாப்பாட்டில் ஆர்சனிக் கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்ந்தது. அவன் செத்துப்போனான். 1923 மார்ச்சில் பெர்லினில் விசாரணை. பாலியல் ஆய்வாளர் மாக்னுஸ் ஹிர்ஷ்ஃபெல்ட் உள்படப் பல நிபுணர்கள் சாட்சி சொன்னார்கள். எழுத்தாளர் ஜோசஃப் ரோத் விசாரணையைப் பற்றிப் பத்திரிகைக்கு எழுதினார். ஊரே அதைத்தான் பேசியது.

இப்போது இந்த வாரம் என்னைத் தூங்கவிடாத விஷயத்துக்கு வருகிறேன். கடிதங்கள்! இரண்டு பெண்களும் ஒருவருக்கொருவர் எழுதியவை ஏறக்குறைய 600. இருவரும் வெவ்வேறு ஊரில் இருந்தவர்கள் இல்லை. நடந்தால் எட்டிவிடும் தூரம். அநேகமாகத் தினம் பார்த்துப் பேசிக்கொண்டவர்கள். பார்த்துவிட்டு வீட்டுக்குப் போய் எழுதினார்கள், எழுதியதைக் கையில் கொடுத்துவிட்டு மறுபடியும் பேசினார்கள். இன்றைக்கு எவ்வளவு கொடுத்தேன், எப்படி வாந்தி எடுத்தான், நீ என்னை நேசிக்கிறாயா என்பதெல்லாம் ஒரே மூச்சில் வருகின்றன. அதைவிட ஆச்சரியம், எரித்துவிட வேண்டிய இந்தக் காகிதங்களைப் பத்திரமாக வைத்துக்கொண்டார்கள். போலீசுக்கு அதுவே பெரிய சாட்சியாகிவிட்டது.

சாதாரண நிருபருக்கு இந்த 600 கடிதமும் ‘சதித்திட்டம்’. வரிசையாக அடுக்கினால் முதல் நாளிலிருந்து கடைசி நாள்வரை கொலைக்கு நேர்கோட்டில் ஒரு பாதை தெரியும். டோப்ளின் கடிதத்தை நோய்க்குறியாகப் படிக்கிறார். எழுதுவதே அவர்களுக்குப் போதையாக இருந்தது என்கிறார். நேரில் சொல்லத் துணியாததைக் காகிதத்தில் சொன்னார்கள், சொன்னது காகிதத்திலிருந்து எழுந்து அவர்களையே பிடித்துத் தள்ளியது. ஆர்சனிக் ஒருவன் வயிற்றில் சேர்ந்துகொண்டிருந்தபோது மை இரண்டு பேர் தலையில் சேர்ந்துகொண்டிருந்தது. இது கொலையை மன்னிக்கும் பேச்சு அல்ல. தச்சனுடைய வேதனையையும் அவர் குறைத்துச் சொல்லவில்லை. அவன் கொடுமை, அவன் பயம், அவள்மேல் அவனுக்கிருந்த குழப்பமான பாசம் எல்லாம் பதிவாகியிருக்கின்றன.

நடையைப் பற்றியும் ஒரு வார்த்தை. சின்னச் சின்ன வாக்கியங்கள். அவள் வந்தாள், இருந்தாள், போனாள். உணர்ச்சிப் பெருக்கு இல்லை, தீர்ப்பு இல்லை, கண்ணீர் இல்லை. சிறையில் எல்லி கண்ட கனவுகள்கூட நோயாளி சொல்லக் கேட்டு டாக்டர் குறித்துக்கொண்டதுபோல வறட்டுத்தனமாக வருகின்றன. படித்து முடிக்கும்போது நமக்குத்தான் மூச்சு முட்டுகிறது.

பின்னிணைப்புதான் உச்சம். இரண்டு பெண்களின் கையெழுத்து மாதிரிகளை அச்சிட்டு எழுத்தின் சாய்வையும் அழுத்தத்தையும் ஆராய்கிறார். அதோடு நிற்கவில்லை. அவர்களுடைய மனம் கட்டம் கட்டமாக எப்படி மாறியது என்பதை வண்ண உருவங்களாக வரைந்து சேர்த்திருக்கிறார்! பெற்றோர்மேல் பற்று, கணவன்மேல் வெறுப்பு, தோழிமேல் ஆசை எல்லாம் ஒன்றையொன்று நெருக்கிக்கொண்டு வீங்குகின்றன, சுருங்குகின்றன. கொலைக் கதையை வாங்கிய பெர்லின்வாசி கடைசிப் பக்கத்தில் இதைத் திறந்து என்ன நினைத்திருப்பார் என்று யோசித்து யோசித்துச் சிரித்தேன். காரணம் தேடாதே என்று 1913-ல் அறிவித்தவர், 1924-ல் கலர் பென்சிலோடு காரணத்தைத் துரத்திக்கொண்டு ஓடுகிறார்.

புத்தகத்தில் ஒரு முடிவுரையும் இருக்கிறது. அதில் தான் கட்டியதையெல்லாம் தானே தட்டிவிடுகிறார். அன்பு, வெறுப்பு என்று சொல்லிவிட்டால் எதுவும் விளங்கிவிடாது என்கிறார். தனி மனிதர் என்று ஒருவரைப் பிய்த்தெடுத்து விளக்கவும் முடியாது. கணவன், மாமியார், குடியிருந்த வீடு, தெரு, அந்த வருஷத்து பெர்லின் எல்லாம் ஒன்றாகப் பின்னிக் கிடக்கின்றன, எந்த நூலை இழுத்தாலும் மற்றது கூட வருகிறது. நடந்ததற்குள் ஓர் ஒழுங்கு இருப்பதுபோல் தெரிகிறது, ஆனால் புரிந்துவிட்டது என்று தன்னால் சொல்ல முடியாது என்று ஒதுங்கிக்கொள்கிறார்.

படங்கள் வீண்தானா? நான் அப்படி நினைக்கவில்லை. முழுமூச்சாகத் தேடிப் பார்த்துவிட்டு ‘தெரியவில்லை’ என்று சொல்வதற்கும், தேடாமலே சொல்வதற்கும் நடுவில் பெரிய தூரம் இருக்கிறது. ஜூரர்களும் ஏதோ ஒரு திணறலில்தான் இருந்திருக்க வேண்டும். திட்டமிட்ட கொலை என்று கண்டிருந்தால் மரண தண்டனை. அவர்கள் அதற்குக் குறைந்த கொலைக்குற்றமாகக் கண்டு, எல்லிக்கு நாலு வருஷமும் கிரேட்டேவுக்கு ஒன்றரை வருஷமும் வந்தது. ‘அலெக்சாண்டர்பிளாட்ஸ்’ நாவல், தன் காதலியைக் கொன்ற குற்றத்துக்காக நாலு வருஷம் சிறையிலிருந்த ஒருவன் வெளியே வருவதில்தான் தொடங்குகிறது. தற்செயலாக இருக்கலாம். காரணம் தேடக் கூடாது என்று இப்போதுதானே படித்தோம்.

இந்தக் கொலை நடந்தது லிஷ்டன்பெர்க் பகுதியில். டோப்ளினுடைய கிளினிக் இருந்ததும் அதே வட்டாரம்தான். அங்கே அவருக்கு இன்னொரு கணக்கும் இருந்தது. 1919 மார்ச்சில் பெர்லினில் அரசுப் படைகள் எழுச்சியை நசுக்கிக்கொண்டிருந்தபோது, லிஷ்டன்பெர்க்கில் 60 போலீஸ்காரர்களைக் கிளர்ச்சிக்காரர்கள் கொன்றுவிட்டார்கள் என்று செய்தி பரவியது, பத்திரிகைகளில் வந்தது. பொய்ச்செய்தி. ஆனால் ஆயுதத்தோடு அகப்படுகிறவர்களைச் சுடலாம் என்று பாதுகாப்பு அமைச்சர் நோஸ்கே போட்ட உத்தரவு பொய்யில்லை. ஏறக்குறைய 1,200 பேர் செத்தார்கள். குழந்தைகளுக்குப் பால் வாங்க வெளியே வந்த டோப்ளினுடைய அக்கா மெட்டா, குண்டுச் சிதறல் பட்டு இறந்துபோனார்.

கோர்சகாஃப் நோயாளியை இங்கே நினைத்துக்கொள்ளுங்கள். நெருக்கடி வந்தால் ஊருக்கும் அதே வியாதி பிடிக்கிறது. என்ன நடக்கிறதென்று தெரியாத ஓட்டையை அறுபது பிணம் போட்டு அடைக்கிறார்கள். அடைத்தவர்களே நம்புகிறார்கள், நம்பிச் சுடுகிறார்கள். அந்தக் காலத்தில் ‘இடது கை’ என்ற பொருளும் ஒலிக்கும் ‘லிங்க்க பூட்’ என்னும் புனைபெயரில் டோப்ளின் எழுதிய அரசியல் கட்டுரைகளில் எரிச்சலும் நக்கலும் எல்லாக் கட்சிகளின் மேலும் விழுகின்றன. எந்தக் கட்சியும் கொடுத்த முழுக்கதையை அவர் வாங்கிக்கொள்ளவில்லை.

1923 நவம்பரில் பணவீக்கத்தின் உச்சத்தில் பெர்லினின் ஷொய்னன்ஃபியர்டல் பகுதியில் யூதர்களின் கடைகள் சூறையாடப்பட்டன. அடுத்த ஆண்டு டோப்ளின் போலந்துக்குப் போனார். யூதர்கள் என்பவர்கள் யார் என்று யூதராகப் பிறந்த அவர் பார்க்கப் போனார். வார்சா, வில்னா, லெம்பெர்க், கிராக்கோ என்று சுற்றி எழுதிய பயணநூல் தனிக் கட்டுரைக்கு உரியது. இங்கே ஒன்று மட்டும்: மொழி தெரியாத ஊரில் அவர் நடை, தொப்பி, கடைப் பலகை, கை அசைவு என்று குறித்துக்கொண்டே போகிறார். பேச்சு புரியாத டாக்டர் நோயாளியைப் பார்க்கும் முறை அது.

இதே ஆள் சறுக்கிய இடமும் உண்டு. நாஜிகளிடமிருந்து தப்பி நாடுகடந்த வாழ்வு முடிந்து 1945-ல் பிரெஞ்சு ராணுவச் சீருடையில் பாடன்-பாடனுக்குத் திரும்பியவர், 1946-ல் நாஜித் தலைவர்கள்மேல் நடந்த நியூரம்பெர்க் விசாரணையைப் பற்றி ஒரு சிறுநூல் எழுதினார். ஹான்ஸ் ஃபீடலர் என்று புனைபெயர். இரண்டு லட்சம் பிரதி அச்சானது. ஆனால் விசாரணைக்கு அவர் நேரில் போகவில்லை. அதில் குற்றவாளிகளின் குணச்சித்திரம் இருக்கிறது, ஜெர்மானியர்களுக்குப் பாடம் இருக்கிறது, நியாயமான கோபம் இருக்கிறது. ஒருவருடைய விரல் எப்படி அசைந்தது என்பது மட்டும் இல்லை. எல்லிக்குக் கொடுத்த பொறுமையை நாஜித் தலைவர் கோயரிங்குக்குக் கொடுத்திருக்க வேண்டும் என்று நான் சொல்லவில்லை. கட்டிலருகே போகாமல் எழுதிய கேஸ் ஷீட் அது, அவ்வளவுதான்.

பக்கம் முடிந்துவிட்டது, நாவல் தொடவே இல்லை. அடுத்த வாரம் நிச்சயம். கைப்பிரதியில் டோப்ளின் வெட்டி ஒட்டிய செய்தித்தாள் துண்டுகள், நியூட்டன் விதியைப் போட்டு அவர் விவரிக்கும் அந்தக் காதலியின் கொலை, அதோடு பூக் மருத்துவமனை. தான் டூட்டி பார்த்த அதே பூக்கில் தன் கதாநாயகனை அவர் படுக்கவைக்கிறார். சாப்பிட மறுப்பவனுக்கு டியூப் வழியே உணவு ஏற்றுகிறார்கள். அவனுக்கு வந்திருப்பது மனக்கோளாறா உடற்கோளாறா என்று டாக்டர்கள் தங்களுக்குள் மோதிக்கொள்கிறார்கள். அதில் டோப்ளின் எந்த டாக்டர் பக்கம் என்று பார்ப்போம்.