தலைக்கு ஏறும் களைப்பு

வேல்ஸில் உள்ள பாங்கர் பல்கலைக்கழகத்தில் பதினாறு பேரை வைத்து ஒரு சோதனை நடந்தது. ஒரு நாள் 90 நிமிடம் கணினித் திரையில் ஓடும் எழுத்துகளைக் கண்கொட்டாமல் கவனித்துப் பொத்தானை அழுத்த வேண்டும். இன்னொரு நாள் அதே நேரத்துக்கு ஆவணப்படம் பார்த்தால் போதும். இரண்டு நாளும் அதன்பிறகு, இனி முடியாது என்னும் வரை சைக்கிள் மிதிக்க வேண்டும். படம் பார்த்த நாளில் சராசரியாக 754 விநாடி தாக்குப்பிடித்தவர்கள், மூளையைக் கசக்கிய நாளில் 640 விநாடியிலேயே நின்றுவிட்டார்கள். இதயத்திலோ நுரையீரலிலோ குறை எதுவும் தென்படவில்லை. அதே மிதிதான், ஆனால் கூடுதல் கஷ்டமாகத் தோன்றியது. 2009-ல் இந்த முடிவு வெளியானது.

மூளை களைத்தால் உடலும் சோருமோ என்ற சந்தேகம் பழையது. இத்தாலியின் டூரின் நகரத்தில் உடலியல் பேராசிரியர் ஆஞ்செலோ மோஸ்ஸோ, விரல் ஒன்று எடையை எத்தனை முறை தூக்கும் என்று பதிவுசெய்யும் கருவியைச் செய்தார். மாணவர்களுக்கு வாய்மொழித் தேர்வு நடத்திவிட்டு வந்த சக பேராசிரியரின் விரல், வழக்கத்தைவிடச் சீக்கிரமே சோர்ந்தது. களைப்பைப் பற்றி மோஸ்ஸோ எழுதிய நூல் 1891-ல் வந்தது.

ஆகவே மலையேறப் போகிறவர் முதலில் கவனிக்க வேண்டியது கால்களை அல்ல. எந்த வழி, எங்கே இளைப்பாறுவது, பையில் என்ன என்பதையெல்லாம் முந்தைய நாளே முடிவுசெய்து, நன்றாகத் தூங்கிவிட்டால் பாதிச் சுமை குறையும். மூளையை ஏமாற்றவும் முடியும். மாவுச்சத்துக் கரைசலால் வாயைக் கொப்பளித்துத் துப்பிய சைக்கிள் வீரர்கள், ஒரு மணி நேரப் பந்தயத்தில் ஏறக்குறைய 3 சதவீதம் கூடுதல் வேகத்தில் ஓட்டினார்கள் என்று 2004-ல் பர்மிங்காம் ஆய்வாளர்கள் காட்டினார்கள். வயிற்றுக்குள் ஒரு சொட்டும் போகவில்லை! அதே குழு ரத்தக்குழாய் வழியாகக் குளுக்கோஸ் ஏற்றிப் பார்த்தபோது வேகம் கூடவே இல்லை.

வெயில் மட்டும் இப்படி ஏமாறாது. தசை செலவழிக்கும் ஆற்றலில் கால் பங்குதான் வேலையாகிறது, மற்றது வெப்பம். அதை வெளியேற்ற ரத்தம் தோலுக்குப் போயாக வேண்டும், அதே ரத்தத்தைத் தசையும் கேட்கும். கடும் வேலையில் மணிக்கு ஒரு லிட்டருக்கு மேல் வியர்க்கலாம். உடல் சூட்டுக்குப் பழக ஒன்று முதல் இரண்டு வாரம் ஆகும். புதிதாக வந்தவர் முதல் நாளே மற்றவருக்கு ஈடுகொடுக்க முயல்வதுதான் ஆபத்து.

எல் சால்வடோரில் வெயிலில் கரும்பு வெட்டுவோரிடையே சிறுநீரக நோய் பரவியதால், 2014-15 அறுவடைக் காலத்தில் ஒரு முயற்சி நடந்தது. முதுகில் மாட்டும் தண்ணீர்ப் பை, இடம் மாற்றக்கூடிய நிழல் கூடாரம், நேரம் வகுத்த ஓய்வு, கைக்கு இசைவான வெட்டரிவாள் ஆகியவற்றைக் கொடுத்தார்கள். ஓய்வெடுத்தால் வேலை குறையும் என்றுதானே முதலாளிகள் அஞ்சுவார்கள்? ஆள் ஒருவர் நாளொன்றுக்கு வெட்டிய கரும்பு 5.1 டன்னிலிருந்து 7.3 டன்னாக ஏறியது.

தண்ணீரிலும் அளவு உண்டு. 2002 பாஸ்டன் மாரத்தானில் ஓடியவர்களில் 488 பேரின் ரத்தத்தைச் சோதித்தபோது, 13 சதவீதத்தினருக்கு சோடியம் குறைந்திருந்தது. ஓடி முடித்தபோது எடை கூடியிருந்தவர்களிடம் இது அதிகம் காணப்பட்டது. அதாவது, வியர்த்ததைவிட அதிகம் குடித்திருந்தார்கள். உப்புப் போட்ட மோர் நல்லதுதான். ஆனால் மிஞ்சிக் குடித்தால் அந்த உப்பும் காப்பாற்றாது. பொதுவாகத் தாகம் எடுக்கும்போது குடித்தால் போதும்.

தாகத்தையே அடக்கிக்கொள்கிறவர்களும் உண்டு. தமிழ்நாட்டு உப்பளங்களில் சென்னை ஸ்ரீ ராமச்சந்திரா நிறுவன ஆய்வாளர்கள் 352 தொழிலாளர்களைப் பரிசோதித்தார்கள். பத்தில் ஒன்பது பேர் பாதுகாப்பான வரம்பைத் தாண்டிய வெப்பத்தில் உழைக்கிறார்கள். அளத்தில் ஒதுங்க இடமில்லாததால் பெண்கள் பலர் வேண்டுமென்றே தண்ணீரைக் குறைத்துக்கொள்கிறார்கள். அவர்களுக்கு நிழலுக்கும் முன்பு தேவைப்படுவது கழிப்பறை.