கலந்தாய்விலிருந்து நீதிமன்றத்துக்கு

ஓர் ஆசிரியரை ஒரு பள்ளியிலிருந்து இன்னொரு பள்ளிக்கு மாற்றும் ஆணையில் நீதிமன்றங்கள் எளிதில் கை வைப்பதில்லை. நியமனம் என்றால் கதையே வேறு: தேர்வு நடந்த விதம், மதிப்பெண் கணக்கு, தகுதி விதி என எல்லாவற்றையும் துருவிப் பார்க்கின்றன. இடமாறுதல் என்பது அரசுப் பணியின் நிபந்தனைகளில் ஒன்று. இந்த ஊரில்தான் வேலை பார்ப்பேன் என்று கேட்கும் உரிமை யாருக்கும் இல்லை. நியமனமோ அரசமைப்புச் சட்டத்தின் 14, 16-ஆவது பிரிவுகள் தரும் சமவாய்ப்பைத் தொடுகிறது.

மாறுதல் வழக்குகளில் இன்றும் எடுத்துக்காட்டப்படுவது, 1991-இல் பீகார் தொடக்கப் பள்ளி ஆசிரியைகள் பற்றி உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பு. கணவர் பணிபுரியும் ஊருக்கே மாறுதல் கேட்டவர்களுக்கு இடம் கிடைத்தது. அதனால் இடம் பறிபோனவர்கள் பாட்னா உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு வென்றார்கள். உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. மாறுதலில் நீதிமன்றம் தலையிட, சட்டப்படியான கட்டாய விதி மீறப்பட்டிருக்க வேண்டும், அல்லது உள்நோக்கம் இருக்க வேண்டும். நிர்வாக அறிவுரை மீறப்பட்டது என்பது மட்டும் போதாது என்றது.

இதன் வீச்சு பெரிது. தமிழ்நாட்டின் பொது மாறுதல் கலந்தாய்வு அரசாணைவழி நெறிமுறைகளின்படி நடப்பது. காலிப் பணியிடத்தை மறைத்துவிட்டார்கள், உபரி ஆசிரியர்களை வேறு பள்ளிக்கு அனுப்பும் பணிநிரவலில் மூத்தவரை அனுப்பிவிட்டு இளையவரை வைத்துக்கொண்டார்கள் என்று ரிட் மனு போடுபவர் முதலில் இந்தச் சுவரைத் தாண்ட வேண்டும். கர்நாடகம் 2007-இல் ஆசிரியர் மாறுதலுக்கெனத் தனிச் சட்டமே இயற்றியது. அங்கே நெறிமுறை மீறல் சட்டமீறலாகிவிடுவதால் மனுதாரரின் வாதத்துக்கு வலு கூடுகிறது. பல மாநிலங்கள் அந்த வழியில் போகத் தயங்குவது, இடமாறுதல் என்ற பிடியை விட மனமில்லாததால்தான் என்று சந்தேகிக்க இடமுண்டு.

ஆனாலும் கதவு முற்றிலும் அடைபடவில்லை. மொட்டைக் கடிதத்தை வைத்துத் தண்டனையாகச் செய்த மாறுதல் செல்லாது என்று 2008-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதே வேளையில், தடையாணை இல்லாமல் புதிய இடத்தில் சேராமலிருப்பது ஒழுங்கு நடவடிக்கையை வரவழைக்கும் என்று 1989-இலேயே சொல்லியிருக்கிறது. வழக்கு நிலுவையில் இருப்பது தடையாணை ஆகாது.

நியமன வழக்குகள் பெரும்பாலும் விதி பாதியில் மாறுவதால் பிறப்பவை. கல்வி உரிமைச் சட்டத்தைத் தொடர்ந்து, 2010 ஆகஸ்ட் 23 அன்று ஆசிரியர் தகுதித் தேர்வு (டெட்) குறைந்தபட்சத் தகுதியானது. தமிழ்நாட்டில் 2013 தேர்வு முடிந்த பிறகு, 2014 பிப்ரவரியில், இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்குத் தேர்ச்சி மதிப்பெண் 60 சதவீதத்திலிருந்து 55 ஆனது. 150-க்கு 90 எடுக்க வேண்டியவருக்கு 82 போதும். ஏற்கெனவே 90 எடுத்தவர்கள் கொதித்தார்கள். கூடவே, பிளஸ் டூ, பட்டப்படிப்பு மதிப்பெண்களையும் சேர்த்துக் கணக்கிடும் வெயிட்டேஜ் முறை பழைய பாடத்திட்டத்தில் படித்த மூத்தவர்களைப் பின்னுக்குத் தள்ளியது. சென்னையில் ஏற்கப்பட்ட தளர்வு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரத்தானது. 2016 நவம்பர் 9 அன்று உச்ச நீதிமன்றம் தளர்வு, வெயிட்டேஜ் இரண்டையும் ஏற்றது. 2018-இல் அரசே வெயிட்டேஜைக் கைவிட்டு நியமனத்துக்குத் தனிப் போட்டித் தேர்வைக் கொண்டுவந்தது. 2013-இல் தேறி வேலைக்குக் காத்திருந்தவர்களுக்கு அது இரண்டாவது அடி.

மேற்கு வங்கத்தில் சிக்கல் வேறு வகை. பள்ளிப் பணிகளுக்கான 2016 தேர்வில் ஓ.எம்.ஆர். விடைத்தாள்களே அழிக்கப்பட்டிருந்தன, தரவரிசையைத் தாண்டி வேலை கொடுத்ததும் அம்பலமானது. 2025 ஏப்ரல் 3 அன்று உச்ச நீதிமன்றம் மொத்தத் தேர்வையும் செல்லாது என்றது. ஆசிரியர்கள், அலுவலர்கள் எனப் பறிபோன வேலைகள் 25,753. தவறே செய்யாதவர்களும் அதில் அடக்கம்.

அதே ஆண்டு செப்டம்பர் 1 அன்று வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பு, ஏற்கெனவே பணியில் இருப்பவர்களையும் டெட் வட்டத்துக்குள் இழுத்தது. ஓய்வுபெற 5 ஆண்டுகளுக்கு மேல் இருப்பவர்கள் இரண்டு ஆண்டுக்குள் தேற வேண்டும். 5 ஆண்டுக்கும் குறைவானவர்கள் தேறாமலே பணியில் தொடரலாம், ஆனால் பதவி உயர்வு கிடையாது. தமிழ்நாடு அரசு சீராய்வு மனு தாக்கல் செய்தது. தீர்ப்பில் சொன்னபடி பார்த்தால், கெடு 2027 செப்டம்பரில் முடிகிறது.