டிக்ரி வாங்கினால் போதாது. பணம் கைக்கு வர வேண்டும்

மஞ்சளையும் நெல்லையும் தவணைக்கு வியாபாரியிடம் கொடுத்துவிட்டு, பணம் வராமல் கோர்ட்டுக்குப் போகும் விவசாயிகள் உண்டு. பல வாய்தாக்கள் அலைந்து தீர்ப்பும் வாங்கிவிடுகிறார்கள். ஆனால் உண்மையான சிரமம் அதன் பிறகுதான் தொடங்குகிறது. இந்தியாவில் வழக்காடுபவரின் கஷ்டம் டிக்ரி கிடைத்த பிறகே ஆரம்பமாகிறது என்று லண்டன் பிரிவி கவுன்சில் 1872-லேயே குறிப்பிட்டது. இன்றும் நிலைமை பெரிதாக மாறவில்லை. 2025 அக்டோபரில் சுப்ரீம் கோர்ட்டுக்கு வந்த கணக்கின்படி, நாடெங்கும் 8 லட்சத்து 82 ஆயிரத்துக்கும் மேற்பட்ட நிறைவேற்று மனுக்கள் தேங்கியிருந்தன. தமிழ்நாட்டில் மட்டும் 86 ஆயிரத்துக்கும் மேல்.

தாமதம் எங்கே ஏற்படுகிறது?

தீர்ப்பு தானாகப் பணத்தை வசூலித்துத் தராது. அதற்குத் தனியாக நிறைவேற்று மனு போட வேண்டும். ஜப்தி, ஏல விளம்பரம், ஏலம், ஏலத்தை ஊர்ஜிதம் செய்தல் எனப் பல படிகள் உண்டு. ஒவ்வொரு படியிலும் தடை வரலாம். கடன்பட்டவர் நோட்டீஸ் வாங்காமல் நழுவுவார். அமீனா ஜப்திக்குப் போனால், தம்பியோ மைத்துனரோ "இது என் சொத்து" என்று ஆட்சேபணை மனு கொடுப்பார். அதை விசாரிப்பது இன்னொரு வழக்கு நடத்துவது போல இழுக்கும். ஏலம் முடிந்த பிறகும், 60 நாட்களுக்குள் விளம்பரத்தில் கண்ட கடன் தொகையையும், ஏலம் எடுத்தவருக்கு ஏலத் தொகையில் 5 சதவீதமும் கட்டினால் ஏலம் ரத்தாகிவிடும்.

முன்னதாகச் செய்ய வேண்டியவை

1. வழக்குப் போடும் முன்பே எதிரிக்கு என்ன சொத்து இருக்கிறது என்று விசாரியுங்கள். வில்லங்கச் சான்று வாங்கி, சர்வே எண், நான்கு எல்லை, பரப்பளவு ஆகியவற்றைக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள். விவரம் தவறாக இருந்தால் ஜப்தி மனு திரும்பும்.

2. வழக்கு நடக்கும்போதே எதிரி சொத்தை விற்க முயல்வது தெரிந்தால், தீர்ப்புக்கு முன்பே ஜப்தி கேட்கலாம். வெறும் சந்தேகம் போதாது. ஆதாரம் காட்ட வேண்டும். ஜப்திக்குப் பிறகு அவர் செய்யும் தனிப்பட்ட விற்பனை உங்கள் டிக்ரியைப் பாதிக்காது. தாமதித்தால் சொத்து கைமாறிவிடும்.

3. டிக்ரி தேதியிலிருந்து 2 ஆண்டுகளுக்குள் மனு போட்டால், பொதுவாக ஜப்திக்கு முன் நோட்டீஸ் கட்டாயமில்லை. ஒரு வாய்தா மிச்சமாகும். 12 ஆண்டுகள் கடந்துவிட்டால் பண டிக்ரி வெறும் காகிதம்தான்.

4. சொத்து விவரம் தெரியவில்லையானால், கடன்பட்டவரே பிரமாணப் பத்திரத்தில் தம் சொத்துகளைத் தெரிவிக்குமாறு உத்தரவிடக் கோரலாம். அவர் மீறினால் 3 மாதம் வரை சிவில் சிறை உண்டு.

விவசாயியே கடனாளியானால்

சாதாரணக் கடன் டிக்ரியில், விவசாயி குடியிருக்கும் சொந்த வீட்டையும், உழவுக் கருவிகளையும், பிழைப்புக்கு அவசியமான மாடுகளையும், விதை நெல்லையும் ஜப்தி செய்யக்கூடாது என்று சிவில் நடைமுறைச் சட்டத்தின் 60-வது பிரிவு கூறுகிறது. "இந்தச் சலுகை எனக்கு வேண்டாம்" என்று கடன் பத்திரத்தில் எழுதிக் கொடுத்திருந்தாலும் அது செல்லாது. அடமானம் வைத்த வீட்டுக்கு மட்டும் இந்தப் பாதுகாப்பு கிடையாது. தீர்ப்புக்கு முந்தைய ஜப்தியில் விவசாயியின் கையிலுள்ள விளைபொருளைத் தொட முடியாது.

நிறைவேற்று மனுக்களை 6 மாதத்தில் முடிக்க வேண்டும் என்று சுப்ரீம் கோர்ட் 2021-ல் கூறியது. 2025 மார்ச்சில் மீண்டும் வலியுறுத்தியது. மனு இழுபட்டால் வக்கீல் மூலம் இந்த உத்தரவை நீதிபதியின் கவனத்துக்குக் கொண்டுவரலாம். அறுவடைக்குக் களம் தயார் செய்வது போல, தீர்ப்புக்கு முன்பே வசூலுக்கும் தயாராக இருப்பதே நலம்.