படகு வராத படகுத்துறை

பீடோங்கிலிருந்து செமிலிங் வழியாக மெர்போக் பக்கம் போகும்போது, செம்பனை மரங்களுக்கு நடுவே உயரமான கூரைகள் தெரியும். அவற்றின் நிழலில் வரிசை வரிசையாகச் செங்கல். முதலில் பார்த்தபோது ஏதோ பழைய கோயிலின் அடித்தளம் என்றே நினைத்தேன். அந்தப் பக்கத்துத் தோட்டத்தில் பிறந்து வளர்ந்த பெரியவர் ஒருவர் உடன் வந்திருந்தார். "சாமி இடம் அந்தப் பக்கம் இருக்கு தம்பி. இது ஜெட்டி" என்றார். சுற்றிலும் பார்த்தேன். கப்பல் இருக்கட்டும், ஒரு சம்பான் மிதக்கிற அளவுக்குக்கூட அங்கே தண்ணீர் இல்லை.

கெடா மாநிலத்தில் சுங்கை பத்து என்ற இந்த இடத்தை, யுஎஸ்எம் என்று நாம் சொல்லும் மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தின் தொல்லியலாளர்கள் 2009இல் தோண்டத் தொடங்கினார்கள். ஆற்றங்கரைப் படகுத்துறைகள், வட்டமான அடித்தளத்தின்மேல் எழுப்பிய வழிபாட்டு மேடை, இரும்பு உருக்கிய பட்டறைகள் என்று ஒவ்வொன்றாக வெளிவந்தன. துருத்திக் காற்றை உலைக்குள் செலுத்தும் சுடுமண் குழல்கள் மட்டும் ஆயிரக்கணக்கில் கிடைத்தன. கூடவே இரும்புக் கசடு. கி.பி. 2ஆம் நூற்றாண்டிலேயே இங்கே ஆள் நடமாட்டமும் உலையும் இருந்தன என்பது தோண்டியவர்களின் கணிப்பு. இன்னும் பல நூற்றாண்டு பின்னுக்குத் தள்ளும் கணக்கும் உண்டு. அது விவாதத்தில் இருக்கிறது, நான் அதைப் பிடித்துத் தொங்கவில்லை. 2ஆம் நூற்றாண்டே எவ்வளவு பழைய காலம்!

கடலை விட்டு இவ்வளவு உள்ளே ஏன் துறைமுகம்? அன்றைய மெர்போக் இன்றைய ஆறு அல்ல, நிலத்துக்குள் புகுந்த அகன்ற குடா. அலையும் புயலும் எட்டாத இடம். 1,217 மீட்டர் உயரமுள்ள ஜெராய் மலை, கடலில் வருபவனுக்குத் தூரத்திலேயே கரையைக் காட்டிவிடும். மலையடிவாரத்தில் இரும்புத் தாது, நல்ல தண்ணீர், உலைக்கு வேண்டிய விறகு. எல்லாவற்றையும்விடக் காற்றுதான் முக்கியம். தென்மேற்குக் காற்றில் வந்த கப்பல், வடகிழக்குக் காற்று எழும்வரை திரும்ப முடியாது. மாதக்கணக்கில் தங்க வேண்டும். தங்குபவனுக்குச் சோறு ஆக்க, பாய் தைக்க, ஓட்டைப் பலகையை மாற்ற ஆள் வேண்டும். கும்பிட ஒரு சாமி வேண்டும். அந்தக் காத்திருப்பிலேயே ஓர் ஊர் வளர்ந்தது. 671இல் சீனாவிலிருந்து புறப்பட்ட பௌத்தத் துறவி யி ஜிங் இந்தியாவுக்குப் போகும் வழியில் கெடாவில் தங்கிப் போனார்.

கெடாவின் பழைய பெயரான கடாரம் என்றதும் நம் ஆட்களுக்கு ராஜேந்திர சோழனின் 1025ஆம் ஆண்டுப் படையெடுப்புதான் நினைவுக்கு வரும். மேடைப் பேச்சும் அத்தோடு முடிந்துவிடும். எனக்கு அதில் தீராத மனக்குறை உண்டு. அதற்குச் சுமார் இருபது ஆண்டு முன்புதான் கடாரத்து அரச குலத்தார் நாகப்பட்டினத்தில் சூடாமணி விகாரம் என்ற பௌத்தப் பள்ளியை எழுப்பினார்கள்; அதன் செலவுக்கு ராஜராஜன் ஆனைமங்கலம் என்ற ஊரைக் கொடுத்தான். படை வந்து போனது ஒருமுறை. செங்கல் அறுத்தவனும் துருத்தி மிதித்தவனும் மூட்டை தூக்கியவனும் நூற்றாண்டுக் கணக்கில் இந்தத் துறையை நடத்தினார்கள். தோட்டத்தில் பிறந்த நாம் முதலில் தேட வேண்டியது அவர்களைத்தானே?

வண்டல் சேர்ந்தது, கடல் விலகியது, ஆறு ஒடுங்கியது. இதே வட்டாரத்தில் பெங்காலான் பூஜாங்கில் வாணிகம் பின்னும் நெடுங்காலம் நடந்ததைச் சீனப் பீங்கான் ஓடுகளும் மேற்காசியக் கண்ணாடித் துண்டுகளும் சொல்கின்றன. பெங்காலான் என்றால் மலாயில் படகு அணையும் துறை. தண்ணீர் போயும் பெயர் போகவில்லை. பிறகு மலாக்கா எழுந்தது. 1786இல் ஆங்கிலேயர் கையில் பினாங்கு.

நம் பாட்டன் பாட்டிகளும் நாகப்பட்டினத்தில்தான் கப்பல் ஏறினார்கள். ரஜூலா போன்ற நீராவிக் கப்பல்களுக்குக் காற்று தேவையில்லை. ஆனாலும் காத்திருப்பு இருந்தது, பினாங்குக்குப் பக்கத்தில் ஜெரெஜாக் தீவின் நோய்த்தடை முகாமில். அங்கிருந்து கெடாவின் பால்மரக் காடுகளுக்கு. "கன்னு நட குழி வெட்டறப்போ செங்கல்லு வருமாம். யாரோ வீடு கட்டியிருந்தாங்க போலன்னு எங்கப்பா ஆளுங்க தூக்கி ஓரமா போட்டுடுவாங்களாம்" என்றார் பெரியவர். பழைய துறைமுகத்தின் மேல் நிற்கிறோம் என்று அவர்களுக்கு யார் சொன்னார்கள்?

தெரிந்த பிறகும் காப்பாற்றத் தவறியிருக்கிறோம். இதே வட்டாரத்தில் ஆயிரம் ஆண்டைத் தாண்டிய சண்டி, அதாவது பழங்கோயில், ஒன்றை, வீட்டுமனைக்காக நிலத்தைச் சமன்படுத்தியபோது இடித்துவிட்ட செய்தி 2013இல் வந்தது. அன்று பட்ட வேதனை இன்னும் ஆறவில்லை. மெர்போக்கில் 1980இல் திறந்த அருங்காட்சியகம் இருக்கிறது. பக்கத்திலேயே புக்கிட் பத்து பஹாட் சண்டி நிற்கிறது. செமிலிங்கில் தமிழர் முயற்சியில் உருவான ஏய்ம்ஸ்ட் பல்கலைக்கழகமும் இருக்கிறது. அங்கே படிக்கிற பிள்ளைகள் ஒரு ஞாயிற்றுக்கிழமையாவது சுங்கை பத்துக்கு வர வேண்டும் என்பது என் ஆசை.

மாலையில் செமிலிங் படகுத்துறைக்குப் போனோம். சதுப்புநிலக் காட்டைச் சுற்றிக் காட்டும் படகுகள் கட்டியிருந்தன. சுங்கை பத்து வரைக்கும் போகுமா என்று பெரியவர் மலாயில் கேட்டார். கொஞ்ச தூரம் போகும், அப்புறம் தரைதட்டும் என்றார் படகோட்டி.

"தட்டுற வரைக்கும் போவோம்" என்று பெரியவர் ஏறி உட்கார்ந்தார்.