காக்கப்படும் பள்ளி, தாக்கப்படும் பள்ளி

சதுரங்கத்தில் ஒரு காலாள் வெட்டுப்படும்போது ஆடுபவர் தம் அரசனுக்கு நேரக்கூடிய ஆபத்தை எண்ணிக் கவலைப்படுவாரே அன்றி, அந்தக் காலாளுக்காக வருந்துவதில்லை. காலாளுக்குப் பெயரும் இல்லை, ஊரும் இல்லை, அடுத்த ஆட்டத்தில் அது மீண்டும் பலகையில் வந்து நின்றுவிடும். ‘டாக்டிகல் ரோல் பிளேயிங் கேம்’ என்று அழைக்கப்படும் வீடியோ கேம் வகை இந்தப் பழைய இலக்கணத்தை மாற்றியது. கட்டங்களாகப் பிரிக்கப்பட்ட களத்தில் இரு தரப்பும் மாறி மாறி நகர்வதும், நிலத்தின் மேடு பள்ளத்தையும் எதிரியின் வீச்செல்லையையும் கணக்கிட்டு ஒவ்வோர் அடியையும் வைப்பதும் இவ்வகையில் சதுரங்கத்தைப் போலவே இருந்தாலும், களத்தில் நிற்கும் ஒவ்வொருவருக்கும் பெயரும் குணமும் கடந்த காலமும் உண்டு. போருக்குப் போர் அவர்கள் தேர்ச்சி பெறுகிறார்கள், தமக்குள் நட்பும் பகையும் கொள்கிறார்கள்.

இவ்வகையின் முன்னோடிகளுள் ஒன்று, ஜப்பானின் இன்டெலிஜென்ட் சிஸ்டம்ஸ் நிறுவனம் உருவாக்கி, நின்டெண்டோ 1990 ஏப்ரலில் வெளியிட்ட முதல் ‘ஃபயர் எம்பிளம்’. அதை வடிவமைத்த ஷோஸோ காகா புகுத்திய ஒரு விதி அத்தொடருக்கே அடையாளமாகிவிட்டது: களத்தில் வீழ்ந்த வீரர் திரும்பி வரமாட்டார். ‘மீளா இறப்பு’ எனத் தமிழில் சொல்லத்தக்க இவ்விதியால், வென்ற போரும்கூட இழப்பாக முடியலாம். 2010-இல் வந்த பதிப்பு முதல், வீழ்ந்தவர் அடுத்த போருக்குத் திரும்பிவிடும் எளிய முறையும் சேர்க்கப்பட்டு, இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கும் உரிமை ஆடுபவருக்கு வழங்கப்பட்டது. இந்த நெடிய மரபின் வழியில், 2019 ஜூலை 26 அன்று நின்டெண்டோ சுவிட்ச் கருவிக்கு வெளியான ‘ஃபயர் எம்பிளம்: த்ரீ ஹவுசஸ்’, களத்தில் நிற்பவர்களை மாணவர்களாகவும் ஆடுபவரை அவர்களுடைய ஆசிரியராகவும் ஆக்கியதன் மூலம், மீளா இறப்பு என்னும் அந்தப் பழைய விதிக்கு அதுவரை இல்லாத கனத்தைக் கொடுத்தது. இன்டெலிஜென்ட் சிஸ்டம்ஸுடன் கோயி டெக்மோ நிறுவனமும் கைகோத்து உருவாக்கிய இந்த ஆட்டம், 2019 செப்டம்பர் முடிவதற்குள்ளாகவே 20 லட்சத்துக்கும் மேற்பட்ட படிகள் விற்றது.

கதை ஃபோட்லான் என்னும் கற்பனைக் கண்டத்தில் நிகழ்கிறது. தெற்கே அட்ரெஸ்டியப் பேரரசு, வடக்கே ஃபேர்கஸ் முடியரசு, கிழக்கே மன்னரின்றிப் பிரபுக்கள் கூடி ஆளும் லெஸ்டர் கூட்டமைப்பு என மூன்று நாடுகள். மூன்றுக்கும் நடுவில், மலைமீது, செய்ரோஸ் திருச்சபையின் தலைமையிடமாகிய கேரெக் மாக் மடாலயம். அதன் வளாகத்துக்குள் இயங்கும் படை அதிகாரிகள் பயிற்சிப் பள்ளிக்கு மூன்று நாடுகளும் தம் பிள்ளைகளை அனுப்புகின்றன. பேரரசின் வாரிசு எடெல்கார்ட், முடியரசின் இளவரசன் டிமிட்ரி, கூட்டமைப்பின் தலைமைக்கு உரியவனான கிளாட் ஆகிய மூவரும் ஒரே ஆண்டில் அங்கே பயில்கிறார்கள். கருங்கழுகு, நீலச் சிங்கம், பொன்மான் எனப் பெயர் பெற்ற மூன்று வகுப்புகளுக்கு அவர்களே தலைவர்கள். கூலிப்படை வீரராக வளர்ந்த பைலெத் என்பவர், பேராயர் ரேயாவின் அழைப்பின் பேரில் அங்கே ஆசிரியராகச் சேர்கிறார். பைலெத்தை ஆணாகவோ பெண்ணாகவோ அமைத்துக்கொள்ளும் ஆடுபவர், எட்டெட்டு மாணவர்கள் கொண்ட அம்மூன்று வகுப்புகளில் ஒன்றைப் பொறுப்பேற்கிறார். அந்த நேரத்தில் எந்த வகுப்பின் தோற்றம் பிடித்திருக்கிறதோ அதைத் தேர்ந்தெடுக்கும் சிறு முடிவாகத் தோன்றும் இதன் முழு விலை, ஆட்டத்தின் நடுப்பகுதியில்தான் தெரியவருகிறது.

ஆட்டத்தின் முதல் பாதி ஒரு கல்வியாண்டு. ஏறத்தாழ ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு படைப்பணி உண்டு. அதற்கு முந்தைய வாரங்கள் கற்பித்தலில் கழிகின்றன. வாள், ஈட்டி, கோடரி, வில், மற்போர், தாக்கும் மந்திரம், குணப்படுத்தும் மந்திரம், படைநடத்தல், குதிரையேற்றம் முதலிய பாடங்களில் எதை யாருக்கு எவ்வளவு கற்பிப்பது என்பதை ஆசிரியரே தீர்மானிக்கிறார். ஆனால் மாணவரின் ஊக்கம் எவ்வளவு இருக்கிறதோ அவ்வளவே கற்பிக்க முடியும். ஊக்கமோ உணவுக்கூடத்தில் உடன் உண்பதாலும், தொலைந்த பொருளைக் கண்டெடுத்துத் தருவதாலும், பரிசளிப்பதாலும் வளர்வது. அறையை விட்டு வெளியே வர அஞ்சும் பெர்னடெட்டா, இரத்தத்தைக் கண்டால் மயங்கும் தூக்கப்பிரியன் லின்ஹார்ட், மனிதரைவிடப் பறவைகளிடம் மனம்விட்டுப் பேசும் மரியான் என ஒவ்வொருவரையும் அவரவர் போக்கில் அணுகித்தான் வெல்ல வேண்டியிருக்கிறது. சிலரிடம் மறைந்திருக்கும் திறமைகளும் உண்டு; மந்திரத்துக்கென்றே பிறந்தவள் போலத் தோன்றும், உடல்வலிமை குன்றிய லைசித்தியாவுக்கு விடாமல் வாட்பயிற்சி அளித்தால், அதிலும் அவளுக்கு நாட்டம் இருப்பது ஒரு கட்டத்தில் வெளிப்படுகிறது. கணக்காக மட்டும் பார்த்தால் இவையெல்லாம் எண்களைக் கூட்டும் வழிகளே. ஆயினும், பல மணிநேரம் இப்படிப் பழகிய பிறகு, களத்தில் ஒரு கட்டம் தவறி நகர்த்தியதால் அம்மாணவர் வீழும்போது ஆடுபவர் உணர்வது ஒரு காய் குறைந்த கணக்கை அல்ல. தாம் கற்பித்த ஒருவரைத் தம் கவனக்குறைவால் இழந்த குற்றவுணர்வையே.

பள்ளி தரும் மாதப் பணிகளும் தூய்மையானவை அல்ல என்பதை ஆட்டம் விரைவிலேயே காட்டிவிடுகிறது. திருச்சபைக்கு எதிராகக் கிளர்ந்தெழும் லொனாட்டோ பிரபுவை அடக்க மாணவர்கள் அனுப்பப்படும்போது, எதிரே நிற்பவர்களில் ஆயுதம் ஏந்திய ஊர்மக்களும் இருக்கிறார்கள். நீலச் சிங்க வகுப்பின் ஆஷ் என்னும் மாணவனைத் தத்தெடுத்து வளர்த்தவரே அந்த லொனாட்டோ. அடுத்து வரும் மாதங்களில் பள்ளியே தாக்குதலுக்கு உள்ளாகிறது. திருவிழா நாளில் மடாலயத்தின் புனிதக் கல்லறை மண்டபத்துள் புகுந்தவர்களை மாணவர்கள் எதிர்கொள்கிறார்கள்; பின்னர், வளாகத்தின் பாழடைந்த ஆலயத்தருகே கொடிய விலங்குகள் தோன்ற, அங்கே சிக்கிய சக மாணவர்களைக் காக்கப் போராடுகிறார்கள்; அவ்விலங்குகளும் உருமாற்றப்பட்ட மாணவர்களே என்பது பின்னர் தெரிகிறது. அந்தப் போரின் முடிவில் பைலெத்தின் தந்தை ஜெரால்ட் கொல்லப்படுகிறார். காலத்தைச் சில கணங்கள் பின்னோக்கித் திருப்பும் ஆற்றல் பைலெத்துக்கு உண்டு. போர்களில் செய்த தவறான நகர்வை அழித்துவிட்டு மீண்டும் ஆட உதவும் அந்த வசதியை, அதுவரை ஒரு சலுகையாகவே ஆடுபவர் பயன்படுத்தி வந்திருப்பார். தந்தையைக் காக்க அதே ஆற்றலைக் கதைக்குள் பைலெத் பயன்படுத்தும்போது அது பலனளிக்காமல் போகிறது. ஆட்டவிதி ஒன்றையே துயரத்தின் கருவியாக்கிய இவ்விடம், இந்த ஆட்டத்தின் மிகச் சிறந்த இடங்களுள் ஒன்று.

கல்வியாண்டின் முடிவில் உண்மை உடைகிறது. திரைமறைவில் இருந்து தாக்குதல்களை நடத்திய ‘தீப்பேரரசர்’ என்னும் முகமூடி மனிதர், கருங்கழுகு வகுப்பின் தலைவி எடெல்கார்ட்தான். பேரரசியாக முடிசூடிய அவள் திருச்சபையின் மீது போர் தொடுத்து, தான் பயின்ற பள்ளியின் மீதே படையெடுத்து வருகிறாள். பொன்மான், நீலச் சிங்கம் ஆகிய வகுப்புகளின் ஆசிரியர் தம் மாணவர்களோடு மதிலுக்கு உள்ளே நின்று பள்ளியைக் காக்கிறார். கருங்கழுகு வகுப்பை ஏற்ற ஆசிரியருக்கோ ஒரு வாய்ப்பு தரப்படுகிறது: எடெல்கார்டை எதிர்ப்பதா, அவளுடன் நிற்பதா என்று. அவளுடன் நிற்பதைத் தேர்ந்தெடுத்தால், ஓராண்டு முழுவதும் பாடம் நடத்தி, தேநீர் அருந்தி, குளத்தில் மீன்பிடித்த அதே வளாகத்தை அவர் வெளியிலிருந்து தாக்க வேண்டும். வேறு வகுப்பு மாணவர்களைப் பள்ளி நாட்களில் தம் வகுப்புக்கு அழைத்துக்கொள்ளும் வழி ஒன்று உண்டு. எண்ணிக்கையைப் பெருக்கும் உத்தியாக அதுவரை தோன்றிய அந்த வழி, அழைக்கப்படாத ஒவ்வொரு மாணவரும் நாளை எதிரணியில் நிற்கக்கூடும் என்று தெரிந்த கணத்தில், உயிர் காக்கும் செயலாக மாறிவிடுகிறது. இதனினும் கூர்மையான ஓர் எடுத்துக்காட்டு நீலச் சிங்க வகுப்பின் டெடூ. அவனது இனத்தாரைக் காக்கும் துணைப்பணி ஒன்றைப் பள்ளி நாட்களில் ஆசிரியர் நிறைவேற்றியிருந்தால் மட்டுமே, ஐந்தாண்டுகளுக்குப் பிந்தைய போரில் அவன் உயிருடன் திரும்பி வருகிறான்.

அந்த முற்றுகையில் வீழும் பைலெத் ஐந்தாண்டுகள் உறங்குகிறார். கதைக்குரிய பேரரசு ஆண்டுக் கணக்கில் 1180-இல் தொடங்கிய கல்வியாண்டு, அவர் 1185-இன் இறுதியில் கண்விழிக்கையில் பழங்கதையாகிவிட்டது. மடாலயத்தின் ஆயிரமாவது ஆண்டு விழாவில் மீண்டும் ஒன்றுகூடுவோம் என்று மாணவர்கள் ஒருவருக்கொருவர் வாக்களித்திருந்த நாள் அது. விழா நடக்கவேண்டிய இடத்தில் இடிபாடுகளும் கொள்ளையர்களும் இருக்கிறார்கள்.

இரண்டாம் பாதியின் உச்சம் குரொண்டர் சமவெளி. பள்ளி நாட்களில் மூன்று வகுப்புகளும் அங்கே ஒரு போட்டிப் போர் நடத்துகின்றன. வீழ்ந்தவர் எழுந்து மண்ணைத் தட்டிவிட்டுச் செல்கிறார், இரவில் அனைவரும் சேர்ந்து விருந்து உண்கிறார்கள். ஐந்தாண்டுகள் கழித்து, நீலச் சிங்க, பொன்மான் கதைவழிகளில், அதே சமவெளியில் அதே மூவரும் தத்தம் படைகளோடு மீண்டும் மோதுகிறார்கள். நடுக்குன்றின்மீது முன்பு விளையாட்டாகக் கைப்பற்றிய பெருவில் இருந்த இடம் இம்முறை தீவைக்கப்படுகிறது. ஆசிரியர் தம் வகுப்புக்கு அழைத்துக்கொள்ளாத பெர்னடெட்டா அங்கேதான் நிற்கிறாள். துரோணரிடம் ஒன்றாகப் பயின்றவர்கள் அரங்கில் காட்டிய வித்தையே குருட்சேத்திரத்தில் ஒருவர் உயிரை ஒருவர் எடுக்கப் பயன்பட்டதை அறிந்த வாசகருக்கு இந்த அமைப்பு புதிதல்ல. தாம் வில் பிடிக்கக் கற்றுக்கொடுத்த கைகளையே எதிரே காணும் ஆசிரியரின் நிலை அங்கும் இங்கும் ஒன்றே. ஆனால் காவியத்தைக் கேட்பவர் நடந்ததைக் கேட்கிறார். இங்கே அம்பை விடும்படி ஆணையிடுபவர், பொத்தானை அழுத்தும் ஆடுபவரே.

எதைக் காப்பதற்காக இத்தனையும் என்ற கேள்வியை ஆட்டம் தவிர்க்கவில்லை என்பது அதன் பெருமை. ஃபோட்லான் சமுதாயம் ‘கிரெஸ்ட்’ எனப்படும் குருதிவழி முத்திரையின் மீது கட்டப்பட்டது. பிறப்பால் வரும் அந்த முத்திரை உடையவரே பேராயுதங்களை ஏந்தவும் குலத்துக்கு வாரிசாகவும் தகுதி பெறுகிறார். சில்வான் என்னும் மாணவனின் அண்ணன் மிக்லான், முத்திரை இல்லாமல் பிறந்ததால் குடும்பத்தால் ஒதுக்கப்பட்டுக் கொள்ளையனாகி, தனக்கு உரிமையில்லாத ஆயுதத்தை ஏந்தி, அதனாலேயே விலங்காக உருமாறி அழிகிறான். செயற்கையாக இன்னொரு முத்திரையைப் புகுத்தும் கொடிய சோதனைக்கு எடெல்கார்டும் அவளுடைய உடன்பிறப்புகளும் உள்ளாக்கப்பட்டார்கள். அவள் கிளர்ந்தெழுவதன் வேர் அதில் இருக்கிறது. லியோனி என்னும் எளிய குடும்பத்து மாணவிக்கு அவளது ஊரார் சேர்ந்து பணம் திரட்டித்தான் பள்ளிக் கட்டணம் கட்டினார்கள். மதிலுக்குள் நின்று காக்கும்போது ஆசிரியர் தம் மாணவர்களை மட்டும் அல்ல, பிறப்பால் மனிதரைத் தரம் பிரிக்கும் இந்த ஒழுங்கையும் சேர்த்தே காக்கிறார். அதை எதிர்த்து வெளியே நிற்கும்போது, அந்த ஒழுங்கோடு சேர்த்துத் தாம் பாடம் சொன்ன பிள்ளைகளையும் தாக்குகிறார். குற்றமற்ற பக்கம் என ஒன்று இல்லை.

ஜப்பானிய மொழியில் இந்த ஆட்டத்துக்குக் காற்று, மலர், பனி, நிலவு என்னும் நான்கு எழுத்துகளால் ஆன ‘ஃபூகாசெட்சுகெட்சு’ என்ற துணைத்தலைப்பு இருப்பதும் ஆசிரியரின் தேர்வுகளால் பிரியும் நான்கு கதைவழிகளைக் கருதியே: பொன்மான் வழிக்குக் காற்று, எடெல்கார்டுடன் நிற்கும் வழிக்கு மலர், அவளை விட்டு விலகித் திருச்சபையுடன் நிற்கும் வழிக்குப் பனி, நீலச் சிங்க வழிக்கு நிலவு.

குறைகளும் உண்டு. நான்கு வழிகளுக்கும் பொதுவான பள்ளிப் பகுதி ஒவ்வொரு முறையும் பெரும்பாலும் அப்படியே திரும்ப வருவதால், மூன்றாம் முறை ஆடுபவருக்கு மடாலயத்தின் அன்றாடம் சலிப்பூட்டும். மற்ற வழிகள் 21 அல்லது 22 அத்தியாயங்கள் நீள, அறவியல் நோக்கில் மிகக் கடினமான எடெல்கார்டின் வழி 18 அத்தியாயங்களில் முடிந்துவிடுவது பெரிய இழப்பு. மாணவராக இருந்தவரை ஆசிரியர் இறுதியில் மணக்கும் வாய்ப்பை, ஐந்தாண்டு இடைவெளி என்ற காரணத்தைக் காட்டி ஆட்டம் அனுமதிப்பது, அது இவ்வளவு அக்கறையுடன் கட்டியெழுப்பிய ஆசிரியர்-மாணவர் உறவின் மதிப்பைக் குறைக்கிறது. 2020 பிப்ரவரியில் வந்த கூடுதல் கதை, மடாலயத்தின் அடியில் மறைந்து வாழும் நான்காவது வகுப்பைக் காட்டி இவ்வுலகை விரித்ததே தவிர, இக்குறைகளைப் போக்கவில்லை.

இவற்றையெல்லாம் மீறி, ஒரு பள்ளியைக் காப்பது என்ற எளிய கருவை இவ்வளவு ஆழமாகக் கையாண்ட வியூக விளையாட்டு வேறொன்று அரிது. ஆடத் தொடங்குவோர், வீழ்ந்தவர் திரும்பாத பழைய முறையையே தேர்ந்தெடுப்பது நல்லது. ஒரு வகுப்போடு கதையை முடித்த பிறகு, எடெல்கார்டுடன் நிற்கும் வழியையும், அவளை எதிர்த்து நிற்கும் வழிகளில் ஒன்றையும் அடுத்தடுத்து ஆடிப் பார்க்க வேண்டும். மதிலின் ஒரு பக்கத்தில் மட்டும் நின்றவர் இந்தக் கதையின் பாதியைத்தான் அறிந்திருப்பார்.