விளையாட்டுக்கு ஒரு துபாஷி

விண்டோஸ் இயங்குதளத்துக்கென ஆக்கப்பெற்ற விளையாட்டொன்றை லினக்ஸ் கணனியில் இயக்க முயன்றால், அது அசைவதில்லை. குற்றம் கணனியினுடையதன்று, பாஷையினுடையது. 'கோப்பைத் திற', 'ஒலியை எழுப்பு' என்று விளையாட்டு விண்டோஸ் முறையில் இடும் ஏவல்களை லினக்ஸ் அறியாது.

இவ்விரண்டுக்குமிடையே துபாஷியாக அமர்வதே 'வைன்'. பெயரைக் கேட்டுப் பெற்றோர் அஞ்ச வேண்டுவதில்லை! இம்மென்பொருள், ஏவலைக் கேட்டு அதற்கேற்ற லினக்ஸ் ஏவலாக மாற்றிக் கொடுக்கிறது. வேறோர் இயந்திரமாக நடிப்பதில்லை. 1993இல் ஆர்வலர் சிலர் தொடங்கிய இப்பணிக்கு அடுத்த ஆண்டிலே அலெக்சாண்டர் ஜூலியார் தலைமையேற்றார். விண்டோஸின் உள்ளமைப்போ மூடிய பெட்டி. ஒவ்வோர் ஏவலும் என்ன செய்கிறதென்பதை வெளியிலிருந்தே சோதித்தறிய வேண்டியிருந்தது. முதலாவது நிறைபதிப்பு வெளிவந்தது 2008இல். பதினைந்து ஆண்டுப் பொறுமை நம்மில் எத்தனை பேருக்கு உண்டு?

முப்பரிமாணப் படங்களை வரைவிப்பது இன்னுங் கடினமாயிருந்தது. 'நியர் ஆட்டோமாட்டா' என்னும் விளையாட்டை லினக்ஸில் ஆட விரும்பிய பிலிப் ரெபோலே என்பார், அதற்கென 'டி.எக்ஸ்.வி.கே.' என்ற தனித் துபாஷியை எழுதினார். வால்வ் நிறுவனம் அதனையும் வைனையும் இணைத்து 2018இல் 'புரோட்டன்' என வெளியிட்டது. 2022இல் வந்த 'ஸ்டீம் டெக்' என்னும் கையடக்கக் கருவி விண்டோஸ் விளையாட்டுகளை இயக்குவது இதனாலேயே.

ஆயினும், பலர் கூடியாடும் ஆட்டங்கள் சிலவற்றில், கள்ளவாட்டத்தைத் தடுக்க வைத்த காவல், துபாஷியின் வழி வருவோரை உள்ளே விடுவதில்லை. முன்னர் இடமளித்த 'அபெக்ஸ் லெஜெண்ட்ஸ்', அவ்வழியே கள்ளர் நுழைகின்றனரென்று கூறி, 2024இல் லினக்ஸுக்குக் கதவடைத்தது. கள்ளரைத் தடுப்பது முறையே. ஆனால் நேர்மையாய் ஆடியவரும் அவர்களோடு வெளியே நிற்க நேர்ந்ததை நியாயமென்று நாம் கொள்வதற்கில்லை.